கற்பூரம் வைத்த இடம்

எங்கள் கடைக் கல்லாவுக்குக் கீழே ஒரு பித்தளைத் தட்டு இருக்கிறது. அதில் குங்குமம், மஞ்சள் பொட்டலம், வெற்றிலை, கற்பூர டப்பா, தீப்பெட்டி. எலுமிச்சம்பழம் மட்டும் அன்றன்றைக்கு எதிர்ச்சாரிக் காய்கறிக் கடையிலிருந்து வரும். தலையில் தொப்பியோடு உட்கார்ந்திருக்கும் ஆளின் கடையில் இது எதற்கு என்று புதிதாக வருகிறவர்கள் ஒரு நிமிடம் பார்ப்பார்கள். அப்பா காலத்துத் தட்டு அது. கள்ளக்குறிச்சி பக்கத்தில் மோட்டாரோ மருந்தடிக்கிற மெஷினோ எதை வாங்கினாலும் பூஜை போடாமல் வண்டியில் ஏற்ற மாட்டார்கள். கற்பூரம் வாங்க வெளியே போனால், போன இடத்தில் எவனாவது ஒருவன் "அந்தக் கடையிலா வாங்கினீங்க" என்று ஆரம்பித்துவிடுவான். அதனால் தட்டை நாமே கொடுத்துவிட வேண்டும் என்பது அப்பாவின் கணக்கு. நல்ல கணக்குதான், பலகாலம் ஒரு குறையும் வந்ததில்லை.

என் காலத்தில் தட்டின் விளிம்பில் கடைப் பெயரைப் பொறித்தேன், இன்னொன்றும் சேர்த்தேன். கற்பூரம் எரியும்போது ஒரு போட்டோ எடுத்து வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் போட்டுவிடுவேன். நைனார்பாளையத்துக்காரர் மக்காச்சோளம் உதிர்க்கிற மெஷினோடு நிற்பார். அதைப் பார்த்து அவர் பங்காளி மறுவாரம் வருவார். இதைவிட மலிவான விளம்பரம் எங்கே கிடைக்கும்? இப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த அம்மா வந்தது தை மாதத்தில். வெள்ளிமலைக்கும் அந்தப் பக்கம் மலைமேல் ஒரு ஊர். புருஷன் கூடவே வந்தார், ஆனால் பேசியதெல்லாம் அந்த அம்மாதான். சாமையை அரிசியாக்குகிற மெஷின் வேண்டும் என்றார். மலையில் சாமை விளைகிறது, அதை அரிசியாக்க ஒன்று உலக்கையைப் பிடிக்க வேண்டும், இல்லையென்றால் மூட்டையைப் பஸ்ஸில் ஏற்றிக் கீழே கொண்டுவர வேண்டும். வீட்டை ஒட்டி ஓர் அறை போட்டு மெஷினை வைத்துவிட்டால் ஊர்ப் பெண்கள் எல்லோரும் அங்கேயே அரைத்துக்கொள்வார்கள், தனக்கும் ஒரு பிழைப்பு ஆகும் என்பது அவருடைய யோசனை. எல்லா மெஷினையும் தொட்டுத் தொட்டுப் பார்த்தார். நான் ஒன்றைக் காட்டிப் பேசிக்கொண்டே போனேன். பேச்சில் நான் கம்மி இல்லை.

"மாட்ட வித்துட்டு வந்துக்கிறேன் பாய். ஏமாத்திடாதீங்க" என்றார்.

"நம்ம கடைல அதெல்லாம் கெடையாதும்மா" என்றேன்.

வண்டி வந்து நின்றது. தட்டை எடுத்து நீட்டினேன். அவர் மெஷினுக்குப் பொட்டு வைத்தார், வெற்றிலையில் கற்பூரத்தை எடுத்து வைத்தார். பிறகு அதை எங்கே வைப்பதென்று தெரியாமல் நின்றார். மெஷினின் மேல்பக்கம் சாமை கொட்டுகிற வாய், மற்றதெல்லாம் சரிவு.

"எங்க பாய் வைக்கிறது?"

"அந்தக் கறுப்பு டப்பா மேல வைங்கம்மா. அதான் தட்டையா இருக்குது."

மோட்டாரின் முதுகில் இருக்கிற கெப்பாசிட்டர் டப்பா அது. பிளாஸ்டிக். எத்தனையோ மோட்டார்களை அப்படித்தான் அனுப்பியிருக்கிறேன். அவர் அதன் மேல் வெற்றிலையை வைத்துப் பற்ற வைத்துக் கும்பிட்டார். நான் வலது கையில் தட்டும் இடது கையில் போனுமாக நின்று ஒரு போட்டோ எடுத்தேன். ஓரத்தில் என் கையும் தட்டும் விழுந்திருந்தன. பார்க்க நன்றாக இல்லை என்று அந்த ஓரத்தை வெட்டிவிட்டு ஸ்டேட்டஸில் போட்டேன்.

ஒரு வாரம்கூட ஓடவில்லை. போன் வந்தது.

"பாய், மெஷினு பொகைஞ்சி நின்னுடுச்சி. இன்னா பண்றதுன்னே தெரியல. சாமையெல்லாம் கொட்டி வச்சிக்கினு பொம்பளைங்க வாசல்ல குந்திக்கினு இருக்காங்க."

நான் பதறவில்லை. மெஷின் செய்த கம்பெனிக்குச் சொன்னேன். இந்த ஏரியாவுக்கென்று இருந்த கம்பெனி ஆள் மலைக்குப் போய்ப் பார்த்துவிட்டு அங்கிருந்தே பேசினான்.

"பாய், டப்பா மேல கரி புடிச்சிருக்கு. நெருப்பு வெச்சிருக்காங்க. வாரண்டி வராது."

"பூஜை போட்டாங்கப்பா."

"போட்டோ எதாவது இருக்கா?"

இருந்தது. அனுப்பினேன். ஸ்டேட்டஸில் போட்ட அதே வெட்டிய படம். அவன் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டும் படம் ஒன்றைப் பதிலுக்கு அனுப்பினான், நானும் ஒன்று அனுப்பினேன். சத்தியமாகச் சொல்கிறேன், அந்த நிமிடத்தில் எனக்கு ஒன்றும் உறைக்கவில்லை. எப்படியாவது இந்தத் தலைவலி கம்பெனிக்கும் அந்த அம்மாவுக்கும் நடுவில் முடிந்தால் போதும் என்று மட்டும்தான் இருந்தது.

முடியவில்லை. அந்த அம்மா நுகர்வோர் ஆணையத்தில் புகார் கொடுத்துவிட்டார். முதல் எதிர்தரப்பு கம்பெனி, இரண்டாவது எதிர்தரப்பு நான். நோட்டீஸைப் பார்த்ததும் எனக்கு வந்தது கோபம்தான், இவ்வளவு நல்லவிதமாகப் பேசி அனுப்பியதற்கு இதுதானா மரியாதை என்று. கம்பெனி ஆள் நேரில் வந்தான். மெஷினில் குறை என்று தீர்ப்பானால் உங்கள் தலையிலும்தான் விடியும், கம்பெனி உங்களுக்குக் கொடுத்த ஏஜென்சியும் கையில் நிற்காது என்றான். பிறகு குரலைத் தணித்து, "நீங்க ஒன்னும் பொய் சொல்ல வேணாம் பாய். கண்ணால பாத்தத மட்டும் சொல்லுங்க" என்றான்.

கம்பெனி வக்கீலின் ஆபீசிலிருந்து பிரமாணப் பத்திரம் போனிலேயே வந்தது. புகார்தாரர் இயந்திரத்தின் மின்பகுதியின் மீது தீ வைத்ததை நான் நேரில் கண்டேன், அதன் புகைப்படத்தை இத்துடன் இணைத்துள்ளேன் என்று இருந்தது. இரண்டு முறை படித்தேன். ஒரு வார்த்தைகூடப் பொய் இல்லை. தீ வைத்தது அவர்தான், பார்த்தது நான்தான், படமும் நிஜம்தான். தட்டு யாருடையது, இடம் காட்டியது யார் என்று அதில் யாரும் என்னைக் கேட்கவில்லை. கேட்காததற்கு நான் ஏன் பதில் சொல்ல வேண்டும் என்று எனக்கு நானே வக்கீலாகி, நோட்டரி முன்னால் கையெழுத்தும் போட்டேன்.

அந்தக் கோர்ட்டில் சாட்சி என்பது காகிதம்தான் என்று அப்போதுதான் தெரிந்துகொண்டேன். கூண்டும் இல்லை, குறுக்கே கேள்வி கேட்கிற சத்தமும் இல்லை. நாம் எழுதிக் கொடுக்கிறோம், அவர்கள் எழுதிக் கொடுக்கிறார்கள், படித்துவிட்டுத் தீர்ப்பு. சின்ன வழக்குகள் வருஷக்கணக்கில் இழுக்கக் கூடாது என்று வைத்த ஏற்பாடாம். எனக்கு அது ரொம்ப வசதியாக இருந்தது. காகிதத்துக்கு முகம் கிடையாது அல்லவா?

ஆனால் ஒரு வாய்தாவுக்கு நானும் போக வேண்டியிருந்தது. அந்த அம்மா வக்கீல் இல்லாமல் வந்திருந்தார். கையில் துணிப்பை, அதற்குள் பில்லும் வாரண்டி அட்டையும். அவருடைய முறை வந்ததும் எழுந்து நின்றார்.

"ஐயா, நான் பாய்கிட்ட ஒன்னே ஒன்னு கேக்கணும்."

ஆணையத்தின் தலைவர் கோபப்படவில்லை. இங்கே சாட்சியம் எழுத்தில்தான், அவருடைய பத்திரம் வந்துவிட்டது, உங்களுக்குக் கேள்வி இருந்தால் எழுதி மனுவாகக் கொடுங்கள் என்று நிதானமாகவே சொன்னார்.

"எழுதத் தெரியாதுங்க. வாய் இருக்குது, கேட்டுடறேன்" என்றார் அந்த அம்மா. "நான் தப்பு பண்ணலன்னு கற்பூரம் அடிச்சி சத்தியம் பண்ணக்கூட ரெடிங்க."

கற்பூரத்தைப் பற்றிய வழக்கிலேயே கற்பூரம் அடிக்கிறேன் என்கிறாரே என்று பின்பெஞ்சில் யாரோ சிரித்தார்கள். அந்த அம்மா சிரித்தவர்களைப் பார்க்கவில்லை, என்னைத் திரும்பிப் பார்த்தார். "பாய், நீங்களே சொல்லுங்க" என்றார். அதட்டிக் கேட்டிருந்தால் எனக்கும் ரோஷம் வந்திருக்கும். கடையில் நின்று "எங்க பாய் வைக்கிறது" என்று கேட்ட அதே குரலில் கேட்டார். நான் தலையைத் தூக்கி மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அதில் பார்க்க ஒன்றும் இல்லை.

பிறகு யாரையோ பிடித்து டைப் அடித்து மனு கொடுத்திருக்கிறார். வழக்கை இழுக்கிற மனு என்று தள்ளுபடி ஆனது. கொஞ்ச நாளில் புகாரும் தள்ளுபடி ஆனது. என் பத்திரத்தையும் படத்தையும்தான் ஆதாரமாக எடுத்துக்கொண்டிருந்தார்கள். அன்றைக்கு ரம்ஜான் நோன்பு. நோன்பு திறந்து கஞ்சி குடிக்கும்போது வீட்டில் சொன்னேன், கேஸ் ஜெயித்துவிட்டது என்று.

மனைவி பேரீச்சம்பழக் கொட்டையைத் தட்டின் ஓரத்தில் ஒதுக்கிக்கொண்டே, "ஜெயிச்சது நீங்கன்னா தோத்தது யாருங்க?" என்றாள்.

"மலையிலேர்ந்து வந்துச்சே, அந்த அம்மா."

"அது கும்பிட்டதுக்கா தோத்துச்சி?"

அவளுக்கு நான் எல்லாவற்றையும் சொன்னதில்லை. ஆனால் அந்தத் தட்டு யாருடையது என்று அவளுக்குத் தெரியும், வாரம் ஒருமுறை அதைப் புளி போட்டுத் துலக்குகிறவளே அவள்தான். நான் கஞ்சி ஆறுகிறது என்றேன். அவள் மேற்கொண்டு கேட்கவில்லை. கேட்டிருக்கலாம்.

அதற்குப் பிறகு கற்பூரத்தைப் பார்த்தாலே எனக்குப் பிடிக்காமல் போனது. தட்டை நிறுத்தவும் முடியாது, ஜனங்கள் கேட்பார்கள். "தரையில வைங்க, தரையில வைங்க" என்று ஒவ்வொருவரிடமும் கத்திக்கொண்டிருந்தேன். களமருதூர்க்காரர் ஒருவர், "இன்னா பாய், நாங்க இன்னா கடைய கொளுத்தவா வந்தோம்?" என்று கோபித்துக்கொண்டார். போட்டோ எடுப்பதை விட்டுவிட்டேன். ஏன் ஸ்டேட்டஸ் போடுவதில்லை என்று கேட்டவர்களிடம் போன் சரியில்லை என்றேன். இது மட்டும் சுத்தப் பொய்.

ஒருமுறை மலையில் ஒரு தோட்டத்துக்கு மோட்டார் இறக்கிவிட்டு வர வேண்டியிருந்தது. கச்சிராயபாளையம் தாண்டி மலை ஏறும்போதே அந்த அம்மாவின் ஊர் வழியில்தான் இருக்கிறது என்பது ஞாபகத்தில் இருந்தது. திரும்பும்போது டிரைவர் அங்கேயே வண்டியை நிறுத்தினான், ரேடியேட்டருக்குத் தண்ணீர் வேண்டுமாம். இறங்கியதும் முதலில் காதில் விழுந்தது உலக்கைச் சத்தம்.

அந்த அம்மா என்னைப் பார்த்துவிட்டார். "வாங்க பாய்" என்றார். புருஷன் எழுந்து உள்ளே போய்விட்டார், அவர் செய்ததுதான் சரி. வீட்டை ஒட்டிப் புதிதாக எழுப்பிய அந்த அறையின் கதவு திறந்தே கிடந்தது. மெஷின் மேல் யூரியா சாக்கைத் தைத்துப் போர்த்தியிருந்தார்கள், அதன் மேல் ஒரு கோழி உட்கார்ந்திருந்தது. அறைக்கு வெளியே இரண்டு பெண்கள் சாமை குத்திக்கொண்டிருந்தார்கள். அந்த அம்மா சொம்பில் மோர் கொண்டுவந்து கொடுத்தார். வாங்கிக் குடித்தேன். குடிக்காமல் இருந்திருந்தால் இன்னும் கேவலமாக இருந்திருக்கும் என்று நினைக்கிறேன்.

"மேல்கோர்ட்டுக்குப் போட்டுக்கிறோம் பாய்" என்றார். "சட்ட உதவில ஒரு வக்கீல் பொண்ணு பாத்துக்கினு இருக்குது. துட்டு ஒன்னும் வேணாம்னு சொல்லிடுச்சி."

"நல்லதும்மா" என்றேன். வேறு என்ன சொல்ல? சொல்ல வேண்டியது இருந்தது. சொம்பைக் கையில் வைத்துக்கொண்டு, இப்போது சொல்லிவிடு, இப்போது சொல்லிவிடு என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டிருந்தேன். டிரைவர் ஹாரன் அடித்ததும் ஓடிப்போய் ஏறிக்கொண்டேன்.

மேல்முறையீட்டு உத்தரவின் நகல் தபாலில் கடைக்கு வந்தது. வியாபாரம் இல்லாத ஒரு மத்தியான நேரம். கல்லாவில் உட்கார்ந்து படித்தேன். யார் சொல்வது உண்மை என்று அதில் தீர்மானிக்கவில்லை. உண்மையைத் தேடிய வழி சரியா என்று மட்டும்தான் பார்த்திருந்தார்கள். எழுத்தில் சாட்சியம் வாங்குவது வழக்கு சீக்கிரம் முடிவதற்காக, எதிரில் இருப்பவர் வாயை அடைப்பதற்காக அல்ல என்கிற பொருளில் இருந்தது. ஒரே ஒரு சாட்சியின் சொல்லை வைத்து வழக்கு முடிகிறதென்றால் அந்தச் சாட்சியைக் கேள்வி கேட்க விட்டிருக்க வேண்டும். கருகிய டப்பா கண்ணெதிரே இருக்கும்போது, அது மேலிருந்து கருகியதா உள்ளிருந்து கருகியதா என்று சோதனைக்கூடத்துக்கு அனுப்பிப் பார்க்காமல் புகைப்படத்தைப் பார்த்து முடிவு செய்திருக்கக் கூடாது. ஆகவே வழக்கு திரும்பவும் கீழே போகிறது. அந்த ஒரே சாட்சி யாரென்று எனக்குத் தெரியும். உத்தரவை மடித்துக் கல்லாவுக்குள் போட்டுப் பூட்டினேன்.

அடுத்து நான் எழுத்தில் பதில் சொல்ல வேண்டிய வினாப்பட்டியல் வந்தது. வக்கீல் பெண் தயாரித்தது. கடை எவ்வளவு காலமாக நடக்கிறது, மெஷினை ஓட்டிக் காட்டி விற்றீர்களா என்று முறையாகப் போயிற்று. கடைசிக் கேள்வி மட்டும் வக்கீல் எழுதியது போலவே இல்லை. அந்த அம்மா சொல்லச் சொல்ல அப்படியே எழுதியிருக்க வேண்டும்.

கற்பூரத்தை அந்த டப்பா மேல வைக்கச் சொன்னது யாரு?

கம்பெனி வக்கீலின் ஆபீசிலிருந்து பதில்களும் தயாராகவே வந்துவிட்டன. எல்லாவற்றுக்கும் பதில் இருந்தது. கடைசிக் கேள்விக்கு நேராக, நினைவில் இல்லை என்று டைப் அடித்திருந்தார்கள். கம்பெனி ஆள் போன் பண்ணினான். "கையெழுத்து மட்டும் போதும் பாய், மீதிய நாங்க பாத்துக்கறோம்" என்றான்.

நினைவில் இல்லை. இதைவிடச் சுலபமான பொய் உண்டா? யாராலும் பிடிக்க முடியாது. என் மண்டைக்குள் புகுந்து எவன் பார்க்கப் போகிறான்? ஆனால் முதல் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டபோது, பொய் இல்லை, பொய் இல்லை என்று என்னைத் தேற்றிக்கொண்டேனே, அந்த ஒரு போர்வையும் இப்போது கிடையாது. அந்தக் காகிதத்தை வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போனேன். மனைவியிடம் நீட்டினேன். படித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தாள்.

"இன்னா பண்ணலாம்?" என்றேன்.

"என்ன ஏன் கேக்கறீங்க? கடைல எத்தன தடவ பாத்திருக்கேன். எனக்கே ஞாபகம் இருக்குது நீங்க எங்க வைக்கச் சொல்லுவீங்கன்னு."

பழைய போனை அலமாரியிலிருந்து எடுத்துச் சார்ஜ் போட்டேன். வெட்டாத படம் அதிலேயே இருந்தது. அந்த அம்மா கண்ணை மூடிக் கும்பிட்டுக்கொண்டிருக்கிறார். டப்பா மேல் கற்பூரம் எரிகிறது. ஓரத்தில் என் வலது கை, தட்டு, தட்டின் விளிம்பில் பொறித்திருந்த எங்கள் கடைப் பெயர். கடைப் பெயர்தான் முதலில் கண்ணில் படுகிறது. விளம்பரத்துக்காக ஆசைப்பட்டுப் பொறித்ததே நான்தான்.

தட்டும் கற்பூரமும் கடையினுடையவை, அந்த டப்பாவின் மேல் வைக்கச் சொன்னவன் நான், முழுப் புகைப்படம் இணைத்துள்ளேன் என்று என் கையாலேயே எழுதினேன். இதற்காக யாரும் என்னைப் பாராட்ட வேண்டியதில்லை. பிடரியில் கை வைத்துத் தள்ளிய பிறகு வாசலைத் தாண்டியவன் நான். கம்பெனி ஆள் அன்றே போனில் கத்தினான். ஏஜென்சி போய்விட்டது, கடை முகப்பில் அவர்கள் போர்டு இருந்த இடம் வெள்ளையாகத் தெரிகிறது. அது போனதில் எனக்கு வருத்தம் இல்லை என்று சொன்னால் அதுவும் பொய்.

சோதனைக்கூடத்தின் அறிக்கையும் வந்தது. டப்பா உள்ளிருந்துதான் கருகியிருக்கிறது, உள்ளே ஒரு பாகம் தயாரிப்பிலேயே சரியில்லை. மேலே இருந்தது வெறும் கரி, துணியால் துடைத்தாலே போகக்கூடியதாம். மற்ற எல்லாவற்றையும்விட இதுதான் என்னை உட்காரவிடாமல் செய்தது. கற்பூரத்துக்கும் மெஷின் நின்றதற்கும் சம்பந்தமே இல்லை. அந்த அம்மா செய்யாத ஒரு தப்பை நான் நேரில் கண்டதாக எழுதிக் கொடுத்திருக்கிறேன். அந்தப் படத்தை நான் அனுப்பாமல் இருந்திருந்தால், அன்றைக்கே யாராவது டப்பாவைத் திறந்து பார்த்திருப்பார்கள். அத்தனை காலமும் அந்த ஊர்ப் பெண்கள் உலக்கை பிடித்திருக்க வேண்டியதில்லை.

கம்பெனி புது மெஷின் தர வேண்டும், அதை என் கடையில் வைத்து ஒப்படைக்க வேண்டும் என்று உத்தரவு. கொடுக்கிற அன்றைக்குக் காலையிலேயே தட்டைத் துலக்கி வைக்கச் சொன்னேன். எலுமிச்சம்பழம் பார்த்துப் பார்த்து நல்லதாக வாங்கினேன். ஒரு தேங்காயும் வாங்கினேன். மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று இருந்தது, வாயில் வருமா என்று தெரியவில்லை. தட்டை நீட்டினால் அதற்குள் அதுவும் சேர்ந்து போய்விடும் என்று ஒரு கோழைக் கணக்கு.

அந்த அம்மாவும் புருஷனும் வண்டியோடு வந்தார்கள். மெஷினை வாசலில் இறக்கி வைத்திருந்தேன். அவர் சுற்றிவந்து பார்த்தார். கறுப்பு டப்பாவின் மேல் உள்ளங்கையை வைத்துத் தடவினார். நான் தட்டோடு கிட்டே போனேன்.

"தப்பு என் மேலதாம்மா" என்றேன். எப்படியோ வந்துவிட்டது.

"ம்" என்றார். தட்டைப் பார்த்தார். எடுத்துக்கொள்ளவில்லை. துணிப்பையிலிருந்து ஒரு போனை எடுத்தார்.

"பாய், அந்த டப்பா பக்கத்துல செத்த நில்லுங்க. தட்டு கையிலேயே இருக்கட்டும்."

எதற்கு என்று அவரே சொன்னார்.

"நெருப்பு வைக்கலன்னு தெரியணும். நீங்களும் தெரியணும், தட்டும் தெரியணும். நாளைக்கு ஒன்னுன்னா காட்டறதுக்கு."

நின்றேன். தேங்காயும் எலுமிச்சம்பழமும் பற்ற வைக்காத கற்பூரமும் இருந்த தட்டைப் பிடித்துக்கொண்டு, என் கடை வாசலில், ரோட்டில் போகிறவர்கள் பார்க்க நின்றேன். போனை நீட்டியதும் வாடிக்கையாளரோடு போட்டோ எடுக்கும்போது வருகிற சிரிப்பு பழக்கத்தில் என் முகத்தில் வந்துவிட்டது.

"சிரிக்க வேணாம் பாய்" என்றார் அந்த அம்மா. "சும்மா நில்லுங்க."